நிறுத்தியும் நிற்காத ரேடியோ

சென்ற மாதம் என் மகளின் காரை சர்வீஸுக்கு விட்டிருந்தோம். திரும்ப எடுக்கப் போனபோது, எங்களுக்கு முன்னால் நின்ற ஒருவர் கவுன்டரில் இருந்த பெண்ணிடம் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். சாவியை எடுத்த பிறகும் ரேடியோ பாடுகிறதாம். கதவைத் திறந்தால்தான் நிற்கிறதாம்.

"அது கோளாறு இல்ல சார், அப்படித்தான் வச்சிருக்காங்க. நீங்க மறந்துட்டாலும் கொஞ்ச நேரத்துல அதுவே நின்னுடும்" என்று அந்தப் பெண் பொறுமையாகச் சொன்னாள். அவர் நம்பாமலே போனார்.

நான் முப்பது வருஷத்துக்கு மேல் கார் எலக்ட்ரீஷியனாக இருந்தவன் என்று என் மகள் அவளிடம் சொல்லிவைத்தாள். உடனே அவள் என் பக்கம் திரும்பினாள். "உங்க காலத்துல மறந்துட்டா யாரு சார் நிறுத்துவாங்க?"

"யாரும் நிறுத்த மாட்டாங்கம்மா. மறுநாள் எல்லாரும் சேர்ந்து தள்ளுவாங்க" என்றேன். சிரித்தாள். நானும் சிரித்துவிட்டு வந்தேன். ஆனால் அவள் கேட்ட கேள்விக்கு அது முழுப் பதில் இல்லை. மீதியை இங்கே எழுதுகிறேன்.

நான் பருத்திப்பட்டில் பிறந்தவன். பெயர் ஏகாம்பரம். அப்பா அடுத்தவர் நிலத்தில் ஏர் ஓட்டினார். நான் ஒயர்மேன் படிப்பு முடித்து, இரண்டு வருஷம் ஒரு கடையில் பம்புசெட் மோட்டாருக்குச் செம்புக்கம்பி சுற்றி, அறுபதுகளின் நடுவில் அம்பத்தூரில் ஒரு கார் ஒர்க்ஷாப்பில் சேர்ந்தேன். சுற்றிலும் தொழிற்சாலைகள் எழும்பிக்கொண்டிருந்த நேரம். முதலாளிகள் கார் வாங்கினார்கள். கார் வாங்கியவர்கள் ரேடியோ வாங்கினார்கள். தபாலாபீசில் ரேடியோ வைத்துக்கொள்வதற்கான லைசென்ஸ் புத்தகம் எடுத்துக்கொண்டு, ரேடியோவை அட்டைப்பெட்டியோடு மடியில் வைத்துக்கொண்டு வந்து இறங்குவார்கள். அதை டாஷ்போர்டில் பொருத்தி, ஏரியல் நட்டு, ஒயர் கொடுப்பது என் வேலையாயிற்று.

எங்கள் போர்மேன் தேவராஜ் சார். ராணுவத்தில் வண்டிப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். அரைக்கைச் சட்டையின் பையில் ஒரு பேனா, ஒரு டெஸ்டர். சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. ஒரு வண்டி வந்தால் முதலில் பானெட்டைத் திறக்க மாட்டார். ஓட்டி வந்தவரைக் கூப்பிட்டு, கடைசியாக வண்டி நன்றாக ஓடியது எப்போது என்று கேட்பார். பதில் முடியும்வரை குறுக்கே பேச மாட்டார். ஒவ்வொரு வண்டிக்கும் என்ன பார்த்தோம், என்ன செய்தோம் என்று எழுதும் ஜாப் கார்டில் அடித்தல் திருத்தல் அவருக்குப் பிடிக்காது. தப்பாக எழுதிவிட்டால் அது அப்படியே இருக்க வேண்டும். அதற்குக் கீழே சரியானதை எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். வேலையாட்கள் முதுகுக்குப் பின்னால் அவரை 'கோர்ட்டு' என்போம்.

ரேடியோவுக்கு மின்சாரம் கொடுக்க அப்போது எங்களுக்கு இரண்டு வழிகள்தான் இருந்தன. ஒன்று, சாவி வழியாக. சாவியைத் திருப்பினால் ரேடியோவுக்கு உயிர், எடுத்தால் போய்விடும். பேட்டரிக்குப் பாதுகாப்பு. ஆனால் வண்டியை நிறுத்திவிட்டுப் பாட்டுக் கேட்க வேண்டுமென்றால் சாவியைத் திருப்பியே வைத்திருக்க வேண்டும். இன்ஜின் ஓடாவிட்டாலும், அதற்குப் பொறி கொடுக்கும் இக்னீஷன் காயிலுக்கு மின்சாரம் போய்க்கொண்டே இருக்கும். ஒரு மணி நேரம் கச்சேரி கேட்டால் காயில் சுட்டுப் பொசுங்கிவிடும். இன்னொன்று, பேட்டரியிலிருந்து ஃபியூஸ் போட்டு நேராக. சாவியே வேண்டாம். ஆனால் மறந்தால் பேட்டரி காலி. சாவியை ஒரு படி திருப்பினால் ரேடியோவுக்கு மட்டும் மின்சாரம் போகிற மாதிரியான சுவிட்சுகளை நான் பின்னால்தான் பார்த்தேன்.

வழி தெரியாதவர்கள் மூன்றாவதாக ஒன்றையும் கண்டுபிடித்தார்கள். ஒரு நெல் மண்டிக்காரரின் கார் வந்தது. ரேடியோ திடீர் திடீரென்று பாடுகிறது, உடனே நின்றுவிடுகிறது என்றார். தேவராஜ் சார் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு சுற்றுப் போய்விட்டு வந்தார். அந்த டிரைவர் பிரேக்கை மிதிக்கும்போதெல்லாம் செய்தி வாசித்தது. காலை எடுத்தால் வாசிப்பவர் வாயை மூடிக்கொண்டார். எந்த ஊர்க் கைவேலையோ, பின்னால் எரியும் பிரேக் விளக்கின் ஒயரிலிருந்து இணைப்புக் கொடுத்திருந்தார்கள். "நல்ல பாட்டு வந்தா மிதிச்சிகினே போவேன் சார்" என்றார் டிரைவர். தேவராஜ் சார் சிரித்து நான் பார்த்தது அன்று ஒரு நாள்தான்.

இனி நான் சொல்ல வந்தது.

பூந்தமல்லியில் ஒரு டாக்டரம்மா இருந்தார். சிறிய பிரசவ ஆஸ்பத்திரி வைத்திருந்தார். சுற்று வட்டாரக் கிராமங்களிலிருந்து ஆள் வந்து கூப்பிட்டால் கறுப்புக் காரில் கிளம்பிவிடுவார். ஓட்டுபவர் இஸ்மாயில் பாய், அப்போது நாற்பது வயதிருக்கும். டாக்டரம்மா ஒரு வீட்டுக்குள் போனால் வெளியே வர நாலு மணி நேரமும் ஆகலாம். அதுவரை பாய் வண்டியில் உட்கார்ந்து சாவியைத் திருப்பி வைத்து ரேடியோ கேட்பார். அப்படித்தான் ஒரு காயில் பொசுங்கி எங்களிடம் வந்தது.

புதுக் காயில் போட்டுக்கொண்டிருந்தபோது டாக்டரம்மா சொன்னார்: "பாவம், எத்தனை நேரம்தான் அவர் தெருவைப் பார்த்துட்டு உட்கார்ந்திருப்பார்? சாவி இல்லாமலே பாடற மாதிரி பண்ணிக் கொடுங்க." நான் நேர் இணைப்புக் கொடுத்தேன். "பாய், எறங்கும்போது மறக்காம ஆஃப் பண்ணு" என்றேன். "என் உசுரு மாதிரி பாத்துக்கிறேன் நைனா" என்றார்.

ஒரு வருஷம் ஒன்றும் ஆகவில்லை. பிறகு இரண்டு தடவை காலையில் பேட்டரி சோர்ந்து, வண்டியைத் தள்ளிக் கிளப்பினார்கள். இரண்டாம் தடவை வண்டி எங்களிடம் வந்தது. பாயின் முகம் வாடியிருந்தது. "நான் ஆஃப் பண்ணிட்டுதான்ப்பா எறங்கினேன். இன்னா சோதிக்கணுமோ சோதி" என்றார்.

சோதித்தேன். பேட்டரியைச் சார்ஜ் செய்யும் டைனமோ நன்றாக இருந்தது. ரேடியோவின் குமிழைத் திருகினேன். அரை நிமிஷத்தில் பாடியது. பல்பு மாதிரி எரிகிற வால்வு பாதி, டிரான்சிஸ்டர் பாதி போட்ட செட், சூடேறித்தான் பேசும். திருப்பித் திருகினேன், டிக் என்றது, சத்தம் நின்றது. டயலுக்குப் பின்னால் எரிய வேண்டிய சின்ன பல்பு எரியவில்லை. கடையில் அந்த அளவு பல்பு இல்லை. ரேடியோ பாடுவதற்கு அந்த பல்பு வேண்டியதில்லை என்பதால் அடுத்த முறை பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன்.

ஜாப் கார்டில் எழுதினேன்: 'டைனமோ சரி. ரேடியோவில் குறை இல்லை. டிரைவர் ரேடியோவை நிறுத்த மறந்திருக்கிறார்.'

கடைசி வாக்கியம் நான் கண்ணால் பார்த்தது இல்லை, நானாக நினைத்தது. அன்று வரிசையாக ஆறு வண்டிகள் நின்றன. தேவராஜ் சாரும் பார்க்காமல் கையெழுத்துப் போட்டார். நகல் பில்லோடு டாக்டரம்மாவுக்குப் போனது.

சில வாரம் கழித்து ஒரு திங்கட்கிழமை, ஆஸ்பத்திரி கம்பவுண்டர் அந்தக் காரின் பேட்டரியை ஆட்டோவில் வைத்துக்கொண்டு வந்தார். சுத்தமாகச் செத்திருந்தது. அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். சனிக்கிழமை மாலை நிறுத்திய வண்டி. ஞாயிறு யாரும் கூப்பிடவில்லை. திங்கள் காலை ஆறு மணிக்கு மாங்காட்டுப் பக்கம் ஒரு பூந்தோட்ட வேலைக்காரர் வீட்டிலிருந்து ஆள் வந்தது. தலைப்பிரசவம், கஷ்டப்படுகிறது என்று. சாவியைத் திருப்பினால் வண்டியில் ஒரு முனகல்கூட இல்லை. பாய் முன்னால் ஹேண்டில் போட்டுச் சுழற்றினார். தெருக்காரர்கள் தள்ளினார்கள். காயிலுக்குக் கொடுக்கக் கொஞ்சமாவது பேட்டரியில் இருந்தால்தானே தள்ளியும் பயன்? கடைசியில் குதிரை ஜட்கா பிடித்துப் போனார்கள். குழந்தையின் கழுத்தில் தொப்புள்கொடி சுற்றியிருந்ததாம். தாய் பிழைத்தாள். குழந்தை பிழைக்கவில்லை.

"டாக்டரம்மா திரும்பி வந்து மேஜையைத் தொறந்து ஒங்க கார்டை எடுத்துப் படிச்சாங்க. பாயை ஒண்ணும் திட்டல. 'நாளையிலேர்ந்து வர வேணாம்'னு சொன்னாங்க. அவரும் சாவியை வச்சிட்டுப் போய்ட்டார்" என்றார் கம்பவுண்டர்.

பேட்டரியை வாங்கிச் சார்ஜில் போட்டேன். என் மனசு உடனே ஒரு சமாதானம் சொன்னது: மறந்தவர் அவர், நாம் என்ன செய்ய முடியும்? அந்தச் சமாதானத்தோடு நான் மூன்று வாரம் சாப்பிட்டுத் தூங்கினேன்.

மூன்றாவது வாரம் டாக்டரம்மாவே வந்தார். பேட்டரி மறுபடி செத்துப்போக, புது டிரைவர் யாரிடமோ பேட்டரி கடன் வாங்கி வண்டியைக் கிளப்பி ஓட்டி வந்திருந்தார். தேவராஜ் சார் வழக்கம்போல டாக்டரம்மாவை நாற்காலியில் உட்கார வைத்து, கடைசியாக எப்போது நன்றாக ஓடியது என்று கேட்டார்.

"நேத்து சாயங்காலம். இந்த டிரைவர் ரேடியோவைத் தொடவே கூடாதுன்னு சொல்லியிருக்கேன். அவர் தொடறதில்ல. நேத்து நியூஸ் கேக்க நான்தான் போட்டேன். நானே நிறுத்தினேன். டிக்னு கேட்டுது" என்றவர், தன் வலது கையை ஒரு தடவை பார்த்துக்கொண்டார். "என் கையால நிறுத்தினேன் போர்மேன்."

தேவராஜ் சார் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர் பார்த்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

டாக்டரம்மா பஸ்ஸில் ஆஸ்பத்திரிக்குப் போனார். நாங்கள் நன்றாகச் சார்ஜ் ஏறிய பேட்டரி ஒன்றை வண்டியில் மாட்டினோம். "ஒரு மணி நேரம் பாடட்டும்" என்றார் சார். பாடியது. பெட்டி நன்றாகச் சூடேறிய பிறகு, "ஆஃப் பண்ணு" என்றார். திருகினேன். டிக். சத்தம் நின்றது. "போய்ச் சாப்பிட்டு வா."

 ஒரு மணி நேரம் கழித்து வந்தேன். அவர் காரின் முன் சீட்டில் உட்கார்ந்திருந்தார். "கை வை" என்றார்.

டாஷ்போர்டுக்கு அடியில் கையை விட்டு ரேடியோ பெட்டியைத் தொட்டேன். ஒரு மணி நேரமாக நின்றிருக்கும் ரேடியோ காபி டம்ளர் மாதிரி சுட்டது.

பேட்டரியின் எர்த் ஒயரைக் கழற்றி மறுபடி மெதுவாகத் தொட வைத்தோம். எல்லாம் நிறுத்தியிருக்கிற வண்டியில் ஒன்றும் வரக்கூடாது. சின்னதாக, நீலமாக ஒரு பொறி வந்தது. ரேடியோ ஃபியூஸைப் பிடுங்கிவிட்டுத் தொட்டோம், பொறி இல்லை. மறுபடி ஃபியூஸ் போட்டோம், பொறி.

பெட்டியை இறக்கிப் பிரித்தேன். குமிழுக்குப் பின்னால் இருக்கும் சுவிட்சில் இரண்டு பித்தளை நாக்குகள். ஒன்றின் நுனி கருகிப் பிசுபிசுத்திருந்தது. ஆறியிருந்தால் ஒழுங்காக விலகும். வெகுநேரம் பாடிச் சூடேறிய பிறகு திருகினால் ஒட்டிக்கொண்டு விடும். டிக் என்ற சத்தம் வருவது ஸ்பிரிங்கிலிருந்து. மின்சாரம் நின்றதற்கு அது சாட்சி இல்லை. ஒலி பூஜ்யத்தில் இருப்பதால் ரேடியோ பேசாது. ஆனால் வால்வு எரிந்துகொண்டே இருக்கும், பேட்டரியைக் குடித்துக்கொண்டே. பாய் ஆஃப் பண்ணின பிறகும் அந்தப் பெட்டி விழித்திருந்தது என்பதை வெளியே காட்டக்கூடிய ஒரே பொருள் டயல் பல்பு. அதைத்தான் நான் அடுத்த முறைக்கு விட்டிருந்தேன்.

தேவராஜ் சார் பழைய கார்டைக் கொண்டுவந்து பெஞ்சில் வைத்தார். "கீழ எழுது."

எழுதினேன். 'ரேடியோ சுவிட்சில் குறை இருந்தது. நான் கண்டுபிடிக்கவில்லை. டிரைவர் மறந்ததாக எழுதியது தவறு.' கையெழுத்துப் போட்டேன். அவர் வாங்கி, முழுதும் படித்து, என் பெயருக்குக் கீழே அவரும் எழுதினார்: 'படிக்காமல் கையெழுத்திட்டேன்.' தன் பெயரைப் போட்டார். பதினைந்து வருஷம் அவரோடு வேலை பார்த்தேன். அந்த இரண்டு வார்த்தைகளுக்காகவே கடைசிவரை அவரிடம் எனக்கு மரியாதை குறையவில்லை.

சாயங்காலம் இருவரும் வண்டியை பூந்தமல்லிக்கு ஓட்டிப் போனோம். டாக்டரம்மா கார்டை நின்றபடியே படித்தார். பிறகு உட்கார்ந்தார்.

"எட்டு வருஷம் எனக்கு வண்டி ஓட்டினவர்" என்றார். "பாட்டுக் கேக்கட்டும்னு சொன்னதும் நான்தான். ஒரு காகிதத்தைப் படிச்சிட்டுப் போகச் சொன்னதும் நான்தான். அன்னிக்கு அந்தக் கோபத்துல, அரை மணி முன்னாடி போயிருந்தா புள்ள பொழச்சிருக்கும்னு அவர் காதுபடச் சொன்னேன். போயிருந்தாலும் எப்படியோ, எனக்கே தெரியாது." பிறகு கேட்டார்: "அவர் இப்ப எங்க இருக்கார்?"

அம்பத்தூர் பக்கம் பாடியில் ஒரு லாரி ஷெட்டில் இருப்பதாகக் கம்பவுண்டர் சொன்னார். "நான் போய்ச் சொல்றேம்மா" என்றேன். அது என் வேலை.

மறுநாள் லீவு சொல்லிவிட்டுச் சைக்கிளில் போனேன். ஷெட்டில் பாய் முழங்கால்வரை கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு, ஒரு லாரியின் சக்கரத்தைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தார். ஓட்டுகிறார் என்று நினைத்து வந்த எனக்கு ஒன்றும் புரியவில்லை.

"இன்னா ஏகாம்பரம், இவ்ளோ தொலவு?" என்றார்.

"ஏன் பாய் கழுவிகினு கீற? வண்டி ஓட்டலியா?"

"ஸ்டீரிங்க புடிச்சா கையி நடுங்குது நைனா. ஓட்றியான்னு கேட்டாங்க, வாணாம்னுட்டேன்."

நான் சுற்றி வளைக்கவில்லை. சுவிட்சைக் காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்திருந்தேன். பிரித்து அவர் ஈரக் கையில் வைத்தேன். கருகிய நுனியைக் காட்டினேன். எப்படி ஒட்டிக்கொள்ளும், எப்படி டிக் என்று பொய் சொல்லும், எல்லாவற்றையும் சொன்னேன். நான் எழுதியதையும் சொன்னேன்.

அவர் அந்தப் பித்தளையைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார். "அப்போ... நான் ஆஃப் பண்ணிகீறேன்?"

"பண்ணிகீற பாய். ரேடியோதான் நிக்கல."

லாரிச் சக்கரத்தில் சாய்ந்து அப்படியே ஈரத் தரையில் உட்கார்ந்துவிட்டார். "நானே மறந்துட்டேன்னு நம்பிகினேன்யா. அந்தச் சனிக்கெழம கையி எங்க போச்சு, திருகினேனா இல்லியான்னு நெனச்சு நெனச்சுப் பாத்து, கடைசில திருகாத மாதிரியே ஞாபகம் வந்துச்சு. அந்த ஊட்டுக்குப் போயி, அந்தாளு கால்ல உழுந்தேன். என் மறதில ஒம் புள்ள பூட்ச்சின்னு என் வாயால சொன்னேன்."

அவர் என்னைத் திட்டியிருக்கலாம். என்னை அடித்திருந்தாலும் வாங்கிக்கொண்டிருப்பேன். அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "அங்க வந்து இத்தச் சொல்றியா?"

சைக்கிளில் அவரைப் பின்னால் உட்கார வைத்து மாங்காட்டுக்கு மிதித்தேன்.  அம்மன் கோயிலைத் தாண்டி, தோட்டத்து ஓரமாக ஒரு கூரை வீடு. அந்த மனிதர் கன்னியப்பன் பூக்கூடைகளை அடுக்கிக்கொண்டிருந்தார். பாயைப் பார்த்ததும் முகம் இறுகியது. நான் முன்னால் போய், யார் என்று சொல்லி, சுவிட்சைக் காட்டி, "இவரு மேல தப்பு இல்லீங்க. பாக்க வேண்டியத நான் பாக்கல. பாக்காதத எழுதினேன்" என்றேன்.

"இப்ப வந்து சொன்னா என் புள்ள வந்துருமா?" என்றார் கன்னியப்பன்.

"வராதுங்க" என்றேன். 

வீட்டு வாசலில் அவர் மனைவி சரோஜா வந்து நின்றாள். இருபது வயதுகூட இருக்காது. என்னை அவள் பார்க்கவேயில்லை. பாயைப் பார்த்துச் சொன்னாள்: "இவுரு மேல எனக்குக் கோவமே கெடையாது. ஜட்கா வர்றதுக்கு முன்னாடியே மருந்துப் பையத் தலைல வச்சிகினு ஓடியாந்தாரு. டாக்டரம்மா வந்துகினே கீறாங்க, தெம்பா இரு தாயின்னு வெளிலேர்ந்து கத்திகினே இருந்தாரு. அந்தக் கொரலப் புடிச்சிகினுதான் நான் கெடந்தேன்." பிறகு புருஷனிடம் திரும்பி, "அவுரு அன்னிக்கு ஒன் கால்ல உழுந்தப்பவே தூக்கிவுட்ருக்கணும் நீ" என்றாள்.

கன்னியப்பன் கூடையை இறக்கி வைத்துவிட்டு, உள்ளே போய் ஒரு சொம்பு தண்ணீர் கொண்டுவந்து பாயிடம் நீட்டினார். பாய் பாதி குடித்து என்னிடம் கொடுத்தார்.

அந்த வாரமே டாக்டரம்மா பாயின் வீட்டுக்குப் போய் மனைவி, பிள்ளைகள் முன்னால் மன்னிப்புக் கேட்டார். ஒரு மாதம் கழித்துத்தான் பாய் வேலைக்கு வந்தார். ரேடியோவைக் கழற்றி எறியச் சொன்னார் டாக்டரம்மா. பாய் வேண்டாம், இருக்கட்டும் என்றார். நான் புதுச் சுவிட்சு போட்டேன். டாஷ்போர்டில் தனியாகக் கையால் தள்ளும் இன்னொரு சுவிட்சும், பக்கத்தில் ஒரு சிவப்பு பல்பும் வைத்தேன். ரேடியோவுக்கு மின்சாரம் போகும்வரை அது எரியும். அதற்குப் பிறகு நேர் இணைப்புக் கொடுத்த ஒவ்வொரு வண்டியிலும், வாடிக்கையாளர் கேட்டாலும் கேட்காவிட்டாலும், அந்த பல்பு வைத்தேன். அது வீண் வேலை என்று சிலர் சொன்னார்கள். தேவராஜ் சார் சொல்லவில்லை.

இரண்டு வருஷம் போயிருக்கும். ஒரு மத்தியான வேளை ஒர்க்ஷாப் வாசலில் ஹாரன் விடாமல் அடித்தது. என்ன ஆபத்தோ என்று எல்லோரும் ஓடினோம். கறுப்புக் கார். பாய் இன்ஜினை நிறுத்தாமல் ஜன்னல் வழியாகப் பாதி உடம்பை வெளியே நீட்டியிருந்தார்.

"ஏகாம்பரம்! சரோஜாவுக்குப் பொண்ணு பொறந்துகீது! நான்தான் மாங்காட்லேர்ந்து இட்டாந்தேன். பின் சீட்ல அவ கத்திகினு வர்றா, எனக்கு அழுவாச்சி வருது. ஆசுபத்திரி வாசல்ல எறக்கின கால் மணில பொறந்திடுச்சு. ரெண்டு பேரும் நல்லாக்கீறாங்க."

"வண்டி எப்பிடி பாய் கெளம்பிச்சு?" என்று கேட்டேன். எனக்கு வேறு எதுவும் கேட்கத் தோன்றவில்லை.

"சாவிய இப்பிடித் திருப்பினேன்" என்று வெறுங்கையைக் காற்றில் திருப்பிக் காட்டினார். "அவ்ளோதான்."

டாக்டரம்மா சொன்ன மருந்து வாங்க வேண்டும் என்று சொல்லி வண்டியைத் திருப்பினார். தேவராஜ் சார் ரோட்டில் இறங்கி நின்று, வந்துகொண்டிருந்த ஒரு லாரியைக் கை காட்டி நிறுத்தி, அவருக்கு வழி விட்டார்.